திடீர் மரண பயம் ஒரு நோய்க்குறியாக வரும்போது: எதை முதலில் செய்வது, எதைக் கடைசியில் முடிவு செய்வது

"ஏதோ கெட்டது நடக்கப்போகுது", "நான் செத்துடுவேன் போல இருக்கு" என்று ஒருவர் திடீரென்று சொல்கிறார். பயப்படும்படி எதுவும் நடக்கவில்லை. வெளியில் பார்த்தால் ஓரளவு நன்றாகத்தான் இருக்கிறார். பக்கத்தில் இருப்பவர்கள் பெரும்பாலும் சொல்வது: "ஒண்ணும் இல்ல, பயப்படாதே." அந்த இடத்தில் அதற்குப் பதிலாக என்ன செய்ய வேண்டும் என்பதை இங்கே படிப்படியாக எழுதியிருக்கிறேன்.

ஹார்ட் அட்டாக், கடுமையான அலர்ஜி, நுரையீரல் ரத்தக்குழாயில் ரத்தக்கட்டி அடைப்பது, ரத்தத்தில் சர்க்கரை இறங்குவது, வயிற்றுக்குள் ரத்தம் கசிவது, ஒருவகை வலிப்பு என்று பல நோய்களில் இந்த உணர்வு வரும். சில நேரம் மற்ற அறிகுறிகளுக்கு முன்பே வந்துவிடும். பேனிக் அட்டாக்கிலும், அதாவது மனப் பதற்றம் திடீரென்று உச்சத்துக்குப் போகும்போதும், இதே உணர்வுதான். எது எதனால் வருகிறது என்று உணர்வை மட்டும் வைத்துப் பிரிக்க முடியாது, அனுபவிக்கிறவராலேயே முடியாது.

அதனால் முதலில் உடம்பைப் பாருங்கள், மனதைக் கடைசியில் பாருங்கள். முதலுதவி கற்க வருகிறவர்களும், வார்டுக்குப் புதிதாக வரும் செவிலியர்களும் தடுமாறுவது இந்த வரிசையைத் தலைகீழாக்கும்போதுதான். பயத்தை ஆற்றுவதில் நல்ல மனதோடு பத்து நிமிடம் போய்விடும். உடம்பில் கோளாறு இருந்தால் அந்தப் பத்து நிமிடம் திரும்பக் கிடைக்காது.

## 1. முன்கூட்டியே எடுத்து வைக்க வேண்டியவை

இதை இன்றைக்கே செய்து வையுங்கள். பதற்றத்தில் யாருக்கும் தேடத் தெரியாது.

உங்கள் பகுதியின் ஆம்புலன்ஸ் எண் வீட்டில் உள்ள எல்லோருடைய போனிலும் இருக்கட்டும். ஒரு தாளில் ஒவ்வொருவருக்கும் உள்ள நோய்கள், தினமும் எடுக்கும் மருந்துகளின் பெயரும் அளவும், ஒத்துக்கொள்ளாத மருந்து அல்லது உணவு ஆகியவற்றை எழுதி, எல்லோருக்கும் தெரிந்த இடத்தில் வையுங்கள். மருந்துச் சீட்டுக் கட்டை விட இந்த ஒரு தாள் அவசரச் சிகிச்சைப் பிரிவில் அதிகம் உதவும்.

சர்க்கரை நோயாளி இருந்தால் குளுக்கோமீட்டர், காலாவதி ஆகாத ஸ்ட்ரிப், குளுக்கோஸ் பவுடர் தேவை. கடுமையான அலர்ஜிக்காக மருத்துவர் அட்ரினலின் ஊசி எழுதிக்கொடுத்திருந்தால் அது அவரோடு பையிலேயே இருக்க வேண்டும். பூட்டிய அலமாரியில் இருக்கும் ஊசியால் பயன் இல்லை. பிபி மெஷினும் பல்ஸ் ஆக்சிமீட்டரும் இருந்தால் நல்லது, இல்லாவிட்டாலும் கீழே சொல்வதில் முக்கால்வாசியைக் கண்ணாலும் கையாலும் செய்துவிடலாம். நொடி காட்டும் கடிகாரம் மட்டும் கட்டாயம் வேண்டும்.

## 2. சொன்ன உடனே: நிறுத்து, உட்கார வை, நேரம் பார்

அவர் செய்துகொண்டிருக்கும் வேலையை நிறுத்தச் சொல்லுங்கள். வண்டி ஓட்டினால் ஓரம் கட்டட்டும், தண்ணீரில் இருந்தால் கரைக்கு வரட்டும், ஏணியில் இருந்தால் இறங்கட்டும். அடுத்து மயக்கமோ இதயத் துடிப்புக் கோளாறோ வரலாம் என்பதுதான் காரணம்.

தலை சுற்றுகிறது என்றால் படுக்க வையுங்கள். மூச்சு வாங்குகிறது என்றால் சாய்ந்து உட்கார வையுங்கள். மூச்சுத் திணறலில் மல்லாக்கப் படுக்கவைத்தால் திணறல் கூடும். கர்ப்பிணியாக இருந்தால் இடது பக்கம் சாய்த்துப் படுக்கவைக்க வேண்டும், இல்லையென்றால் வயிற்றுப் பாரம் பெரிய ரத்தக்குழாயை அழுத்தும்.

உடனே மணியைப் பார்த்து எங்காவது குறித்துக்கொள்ளுங்கள். எப்போது தொடங்கியது என்ற கேள்வியை மருத்துவமனையில் எல்லோரும் கேட்பார்கள். "கொஞ்ச நேரம் முன்னாடி" என்ற பதிலை வைத்துக்கொண்டு அவர்கள் எதையும் முடிவு செய்ய முடியாது.

இங்கே அடிக்கடி நடக்கும் தவறு, "போய் முகம் கழுவிட்டு வா", "உள்ளே போய்க் கொஞ்ச நேரம் படு" என்று அனுப்பிவிடுவது. பூட்டிய கழிவறையிலும் சாத்திய அறையிலும் ஒருவர் விழுந்தால் யாருக்கும் தெரியாது. கடுமையான அலர்ஜியில் இது இன்னும் ஆபத்து. ரத்தக்குழாய்கள் தளர்ந்திருக்கும்போது சட்டென்று எழுந்து நின்றால் இதயத்துக்குத் திரும்பும் ரத்தம் குறைந்து அங்கேயே சாயலாம். காரணம் தெரியும்வரை அவரைத் தனியாக விடவும் வேண்டாம், நடக்க வைக்கவும் வேண்டாம்.

நீங்கள் தனியாக இருக்கும்போது உங்களுக்கே வந்தால் வாசல் கதவைத் திறந்து வைத்துவிட்டு, பக்கத்தில் தரையில் உட்கார்ந்து, ஒருவருக்குப் போன் செய்து லைனிலேயே வைத்திருங்கள்.

## 3. ஒன்றரை நிமிடத்தில் உடம்பைப் பார்ப்பது

பேச்சு, மூச்சு, தோல், நாடி, நினைவு. இதே வரிசையில் பாருங்கள். சீக்கிரம் உயிரைப் பறிப்பது எதுவோ அது முன்னால் வருகிறது.

பேச்சு. ஒரு முழு வாக்கியம் சொல்லச் சொல்லுங்கள். இரண்டு சொல்லுக்கு ஒரு முறை மூச்சு வாங்கினால் நுரையீரலிலோ இதயத்திலோ சிக்கல் இருக்கலாம். குரல் கம்மினால், தொண்டை இறுகுகிறது என்றால், எச்சில் விழுங்க முடியவில்லை என்றால் மூச்சுக்குழாய் வீங்குகிறது என்று எடுத்துக்கொண்டு நேராக 5-ம் படிக்குப் போங்கள்.

மூச்சு. 30 நொடி எண்ணி இரண்டால் பெருக்குங்கள். ஓய்வாக இருக்கும் பெரியவருக்கு நிமிடத்துக்கு 12 முதல் 20 வரை இயல்பு. 25-ஐத் தாண்டினால் கவலைக்குரியது, 30 என்றால் அவசரம். எண்ணுவதை அவரிடம் சொல்லாதீர்கள், சொன்னால் மூச்சு மாறிவிடும். மணிக்கட்டைப் பிடித்து நாடி பார்ப்பதுபோல் வைத்துக்கொண்டு மார்பைக் கவனியுங்கள். புதியவர்கள் நாடியை ஒழுங்காக எண்ணிவிட்டு மூச்சை "நார்மல்" என்று எழுதிவிடுவார்கள். ஆனால் உடம்பு தடுமாறத் தொடங்கும்போது பல நேரம் முதலில் மாறுவது மூச்சின் எண்ணிக்கைதான்.

தோல். உள்ளங்கை சில்லென்று ஈரமாக இருக்கிறதா? சில்லென்ற வியர்வையும் வெளிறிய முகமும் சேர்ந்தால் இதயம், ரத்தக் கசிவு, சர்க்கரை இறக்கம் மூன்றும் கணக்கில் வரும். மாநிறமோ கருநிறமோ உள்ள தோலில் வெளிறுவதும் நீலம் பாய்வதும் முகத்தில் எளிதில் தெரியாது. உதட்டின் உட்புறம், நாக்கு, நகக்கண், கீழ் இமையின் உள்பக்கம் ஆகிய இடங்களில் பாருங்கள். சட்டையைத் தூக்கி வயிற்றிலும் முதுகிலும் தடிப்பு இருக்கிறதா என்று பார்க்கவும் மறக்காதீர்கள். முகத்தில் ஒன்றும் இல்லாமல் உடம்பு முழுக்கத் தடித்திருக்கலாம்.

நாடி. ஓய்வில் 60 முதல் 100 வரை இயல்பு. பயத்தில் 110, 120 வரை போவது சாதாரணம். சும்மா உட்கார்ந்திருப்பவருக்கு 150-க்கு மேல் ஓடினால் பயம்தான் காரணம் என்று விட்டுவிடக் கூடாது. தாறுமாறாகத் துடித்தாலும், 50-க்குக் கீழே இருந்து தலை சுற்றினாலும் அப்படியே.

நினைவு. பெயர், இருக்கும் இடம், இன்று என்ன கிழமை. பதில் குழம்பினால் சர்க்கரை இறக்கம், ரத்த அழுத்த வீழ்ச்சி, வலிப்பு ஆகியவற்றை நினைக்க வேண்டும்.

ஆக்சிமீட்டரைப் பற்றி ஒரு எச்சரிக்கை. 95-க்கு மேல் காட்டினால் "ஆக்சிஜன் நல்லா இருக்கு, ஒண்ணும் இல்ல" என்று கருவியைக் கழற்றிவிடுகிறார்கள். ஹார்ட் அட்டாக்கில் ஆக்சிஜன் அளவு முழுக்க இயல்பாக இருக்கலாம். குளிர்ந்த விரலிலும் நகப்பூச்சின் மேலும் அது தப்பாகவும் காட்டும். குறைவாகக் காட்டினால் அலட்சியப்படுத்தாதீர்கள், நன்றாகக் காட்டினால் அதோடு நிறுத்திவிடாதீர்கள்.

## 4. கடைசியாக என்ன நடந்தது என்று கேட்பது

காரணத்தைப் பிடிக்கப் பெரும்பாலும் உதவுவது இந்தப் படிதான். அவசரப்படாமல் கேளுங்கள், ஆனால் ஆம்புலன்ஸ் தேவை என்று 3-ம் படியிலேயே தெரிந்திருந்தால் முதலில் போன் போட்டுவிட்டு அப்புறம் கேளுங்கள்.

"மாத்திரை ஏதும் போட்டீங்களா?" என்று கேட்டால் "இல்லை" என்று வரும். "இன்றைக்குப் புதிதாக என்ன சாப்பிட்டீர்கள், குடித்தீர்கள், போட்டுக்கொண்டீர்கள், எது கடித்தது, கொட்டியது?" என்று பிரித்துப் பிரித்துக் கேட்டால்தான் வரும். வலி மாத்திரையையும் ஆன்டிபயாடிக்கையும் பலர் மருந்துக் கணக்கிலேயே சேர்ப்பதில்லை.

ஊசியில் ஏறிய மருந்தாலும் பூச்சிக் கடியாலும் வரும் கடும் அலர்ஜி நிமிடங்களில் தொடங்கும். உணவால் வருவது பெரும்பாலும் 2 மணி நேரத்துக்குள். உள்ளங்கை, உள்ளங்கால் அரிப்பு, வாயில் கூச்சம், குமட்டல், வயிற்றைப் பிசைவது, அதோடு இந்த மரண பயம் என்று வந்தால் தடிப்புக்காகக் காத்திருக்காதீர்கள். சிலருக்குத் தோலில் எதுவுமே தெரியாமல் நேராக ரத்த அழுத்தம் விழும்.

சமீபத்தில் அறுவைச் சிகிச்சை, காலில் மாவுக்கட்டு, நீண்ட படுக்கை, பல மணி நேரப் பயணம், பிரசவம், புற்றுநோய்ச் சிகிச்சை, கருத்தடை ஹார்மோன் மாத்திரை இவற்றில் ஏதாவது உண்டா? ஒரு கெண்டைக்கால் மட்டும் வீங்கி வலிக்கிறதா? அப்படியானால் காலில் உருவான ரத்தக்கட்டி நுரையீரலுக்குப் போயிருக்கலாம். திடீர் மூச்சுவாங்கல், மூச்சை இழுக்கும்போது குத்தும் வலி, இருமலில் ரத்தம் ஆகியவை கூட வரும். சில நேரம் மூச்சுவாங்கலும் பயமும் மட்டுமே இருக்கும், இளம் வயதினரிடம் இதைத்தான் பதற்றம் என்று தள்ளிவிடுகிறார்கள்.

இன்சுலின் போடுகிறவரா? கிளிமிபிரைடு, கிளிபென்கிளமைடு வகை மாத்திரை எடுக்கிறவரா? சாப்பாடு தள்ளிப்போனதா? உடனே சர்க்கரை பாருங்கள். 70 மி.கி./டெ.லி.-க்குக் கீழே என்றால் குறைவு, 54-க்குக் கீழே என்றால் ஆபத்து. பிபிக்கும் இதயத்துக்கும் தரும் பீட்டா பிளாக்கர் வகை மருந்து எடுக்கிறவர்களுக்குப் படபடப்பும் நடுக்கமும் தெரியாமல் போகலாம், வியர்வை மட்டும் இருக்கும். அதனால் வியர்வையை அலட்சியப்படுத்த வேண்டாம்.

ரத்தம் உறையாமல் இருக்க மருந்து எடுக்கிறாரா, மலம் தார் மாதிரி கறுப்பாகப் போகிறதா? குழந்தை பெறும் வயதுப் பெண்ணுக்கு அடிவயிற்று வலியும் தோள்பட்டை நுனியில் வலியும் இருக்கிறதா, மாதவிடாய் தள்ளிப்போயிருக்கிறதா? கருக்குழாயில் வளர்ந்த கரு வெடித்து உள்ளே ரத்தம் கசியும்போது வெளியே ஒரு சொட்டுக்கூடத் தெரியாமல் இருக்கலாம்.

தினமும் குடிப்பவர் திடீரென நிறுத்தினாலும் முதல் இரண்டு நாளுக்குள் நடுக்கம், வியர்வை, பயம், வலிப்பு வரலாம். கேட்டால்தான் சொல்வார்கள், அதுவும் தனியாகக் கேட்டால்தான்.

கடலில் குளித்தவருக்கு இன்னொரு கேள்வி. ஆஸ்திரேலியாவின் வட பகுதிக் கடல்களில் இருகாஞ்சி என்ற மிகச் சிறிய ஜெல்லி மீன் உண்டு. கொட்டும்போது பெரிதாக வலிக்காது. அரை மணி நேரம் போல் கழித்து முதுகு வலி, தசைப்பிடிப்பு, வியர்வை, எகிறும் ரத்த அழுத்தம், இவற்றோடு தாங்க முடியாத அழிவுணர்வும் வரும். தேள் கொட்டியதிலும் நஞ்சு நரம்புகளைத் தூண்டி இதயத்தைப் பாதிக்கும்போது இதே மாதிரி வரலாம்.

## 5. எப்போது ஆம்புலன்ஸ்

கீழே உள்ளவற்றில் ஒன்று இருந்தாலே போதும், இரண்டாவதுக்குக் காத்திருக்க வேண்டாம்.

- நெஞ்சு, தாடை, கழுத்து, தோள், கை, மேல்வயிறு இவற்றில் அழுத்தமோ வலியோ
- மூச்சுத் திணறல், குரல் மாற்றம், உதடு நாக்கு வீக்கம், உடம்பெங்கும் தடிப்பு
- மயக்கம், குழப்பம், வலிப்பு
- சில்லென்ற வியர்வையோடு வெளிறிப்போவது
- 150-க்கு மேல் அல்லது தாறுமாறான நாடி
- முதுகைக் கிழிப்பதுபோல் திடீர் வலி
- 4-ம் படியில் சொன்ன ஏதாவது ஒன்று அண்மையில் நடந்திருப்பது

பெண்கள், வயதானவர்கள், நீண்ட நாள் சர்க்கரை நோயாளிகள் ஆகியோருக்கு நெஞ்சு வலி இல்லாமலே ஹார்ட் அட்டாக் வரலாம். மூச்சுவாங்கல், குமட்டல், கடுமையான அசதி, இந்தப் பய உணர்வு, அவ்வளவுதான் இருக்கும். இவர்களிடம் என் அளவுகோல் இன்னும் கீழே: வாழ்நாளில் வந்திராத இந்த உணர்வு எந்தக் காரணமும் இல்லாமல் வந்தாலே மருத்துவமனைக்குக் கொண்டுபோங்கள். மற்றவர்களுக்கு உடம்பில் எந்த அறிகுறியும் இல்லாமல் அது அடங்கிவிட்டாலும், முதல் முறை என்றால் அன்றைக்கே ஒரு மருத்துவரைப் பார்ப்பதுதான் சரி.

போனில் பேசும்போது "ரொம்ப பயப்படறார்" என்று தொடங்காதீர்கள். இடம், வயது, உடம்பில் கண்ட அறிகுறி, தொடங்கிய நேரம், கடைசியாக உணர்வு. "பயம்" என்று தொடங்கினால் கேட்கிறவர் மனதில் முதலில் பதிவது அதுதான்.

பாதிக்கப்பட்டவரே வண்டி ஓட்டிப் போகக் கூடாது. வழியில் மயங்கினால் அவரோடு முடியாது.

## 6. ஆம்புலன்ஸ் வரும்வரை

அலர்ஜி என்று தோன்றினால். எழுதிக்கொடுத்த அட்ரினலின் ஊசியைத் தொடையின் வெளிப்புற நடுப்பகுதியில் உடனே போட வேண்டும், துணிக்கு மேலேயே போடலாம். கால்களை உயர்த்திப் படுக்கவையுங்கள். மூச்சுத் திணறினால் காலை நீட்டி உட்காரட்டும். 5 நிமிடத்தில் தேறாவிட்டால், இரண்டாவது ஊசி இருந்தால் போடலாம். நிறையப் பேர் அலர்ஜி மாத்திரையைக் கொடுத்துவிட்டுக் காத்திருக்கிறார்கள். அந்த மாத்திரை அரிப்பைக் குறைக்கும், ஆனால் விழும் ரத்த அழுத்தத்தையோ வீங்கும் தொண்டையையோ தடுக்காது. ஊசிக்குப் பிறகு நன்றாகிவிட்டாலும் மருத்துவமனைக்குப் போக வேண்டும். சில மணி நேரம் கழித்து அலர்ஜி இரண்டாவது முறை தலைதூக்கலாம்.

இதயம் என்று தோன்றினால். அசையாமல் சாய்ந்து உட்காரட்டும். ஆஸ்பிரின் ஒத்துக்கொள்ளும் பெரியவர் என்றால், ஆம்புலன்ஸ் லைனில் இருப்பவர் சரி என்றால், 300 மி.கி. மாத்திரையை மென்று விழுங்கலாம். மென்றால் சீக்கிரம் வேலை செய்யும். ரத்தக் கசிவு இருந்தால், ஆஸ்பிரின் அலர்ஜி என்றால், முதுகைக் கிழிக்கும் வலி என்றால் கொடுக்கக் கூடாது. அந்தக் கிழிக்கும் வலி, இதயத்திலிருந்து கிளம்பும் பெரிய ரத்தக்குழாயான மகாதமனியின் சுவர் பிளந்ததாக இருக்கலாம், அப்போது ரத்தம் உறையாமல் செய்வது கேடு.

சர்க்கரை இறங்கியிருந்தால். நினைவோடு இருந்தால் 15 கிராம் குளுக்கோஸ், அல்லது மூன்று நான்கு தேக்கரண்டி சர்க்கரை தண்ணீரில் கரைத்து. 15 நிமிடத்தில் மறுபடி பாருங்கள். சாக்லேட் வேண்டாம், அதிலுள்ள கொழுப்பு சர்க்கரை ஏறுவதைத் தாமதப்படுத்தும். அகார்போஸ், வோக்லிபோஸ் என்ற சர்க்கரை நோய் மாத்திரைகளை எடுப்பவருக்குச் சாதாரணச் சர்க்கரை வேகமாக ஏறாது, குளுக்கோஸ்தான் தர வேண்டும். நினைவில்லாதவர் வாயில் எதையும் ஊற்றாதீர்கள்.

வலிப்பு வந்தால். சுற்றியுள்ள கூர்மையான பொருளை நகர்த்துங்கள், அழுத்திப் பிடிக்காதீர்கள், வாயில் எதுவும் திணிக்காதீர்கள். நின்றதும் ஒருக்களித்துப் படுக்கவையுங்கள். எத்தனை நிமிடம் நீடித்தது என்று பாருங்கள், 5 நிமிடம் தாண்டினால் அவசரம்.

நினைவும் இல்லை, இயல்பான மூச்சும் இல்லை என்றால். மார்பின் நடுவில் நிமிடத்துக்கு 100 முதல் 120 முறை, 5 முதல் 6 செ.மீ. ஆழம் அழுத்தத் தொடங்குங்கள். இடையிடையே வரும் கேவல் மாதிரியான மூச்சை மூச்சு என்று எண்ணி நிறுத்திவிடாதீர்கள்.

காரணம் தெரியாதபோது காபி, தண்ணீர், தூக்க மாத்திரை எதுவும் வேண்டாம். தூக்க மாத்திரை அறிகுறிகளை மறைத்து, மூச்சையும் மட்டுப்படுத்தும்.

இந்த நேரத்தில் அவரிடம் என்ன பேசுவது? "ஒண்ணும் ஆகாது" என்று உங்களுக்குத் தெரியாததைச் சொல்ல வேண்டாம். "நான் பக்கத்துலயே இருக்கேன், ஆம்புலன்ஸ் வந்துட்டு இருக்கு, உங்களுக்கு இருக்கறதை நான் எழுதிட்டு இருக்கேன்" என்று சொல்லுங்கள். அது உண்மையும்கூட, ஆறுதலும்கூட.

## 7. ஏற்கெனவே மருத்துவமனைப் படுக்கையில் இருப்பவர் சொன்னால்

ரத்தம் ஏறிக்கொண்டிருக்கும் நோயாளி "ஏதோ தப்பா இருக்கு, எனக்கு என்னமோ ஆகுது" என்றால் பயத்தை ஆராய வேண்டாம், முதலில் ரத்தத்தை நிறுத்துங்கள். பொருந்தாத வகை ரத்தம் கொஞ்சம் ஏறினாலே சிவப்பணுக்கள் உடையத் தொடங்கும். காய்ச்சல், குளிர், இடுப்புப் பக்கம் வலி, ஊசி போட்ட நரம்பில் எரிச்சல், சிவந்த சிறுநீர் எல்லாம் பிறகு வரலாம், பய உணர்வு முன்னால் வரலாம். நிறுத்திய பிறகு புதிய குழாயில் சலைன் ஓடவிட்டு நரம்பைத் திறந்து வைத்து, மருத்துவரை அழைத்து, நோயாளியின் அடையாளத்தையும் பையின் சீட்டையும் மறுபடி ஒப்பிட வேண்டும். பையைத் தூக்கி எறியக் கூடாது, ரத்த வங்கிக்குத் திருப்பி அனுப்ப வேண்டும். முதல் 15 நிமிடம் நோயாளியின் பக்கத்திலேயே இருந்து கவனிக்கச் சொல்வது இதற்காகத்தான்.

நரம்பில் ஆன்டிபயாடிக் ஏறும்போதும், ஸ்கேனுக்கான சாய மருந்து போட்ட உடனேயும் இப்படிச் சொன்னால் அதேபோல நிறுத்திவிட்டுத்தான் பார்க்க வேண்டும். பிரசவத்தின்போதும் அதை ஒட்டியும் ஒரு பெண் திடீரென்று இதைச் சொன்னால் பிரசவ பயம் என்று கடந்துபோகாதீர்கள். பனிக்குட நீர் ரத்தத்தில் கலப்பது அரிதுதான், ஆனால் மிக வேகமானது.

எதிர்பார்த்தே வரும் ஒரு சூழ்நிலையும் உண்டு. மிக வேகமாக ஓடும் இதயத்தை நிறுத்தி ஒழுங்குபடுத்த அடினோசின் ஊசி போடும்போது சில நொடிகள் மரணமே வந்ததுபோல் இருக்கும். அந்த மருந்து ரத்தத்தில் பாதியாகக் குறைய 10 நொடிகூட ஆகாது, உணர்வும் அதோடு போய்விடும். ஊசி போடும் முன்பே நோயாளியிடம் இதைச் சொல்லிவிடுங்கள். சொல்லாமல் போட்டால் மறுமுறை அந்த ஊசியே வேண்டாம் என்பார்.

கூட இருக்கும் உறவினர் நீங்களாக இருந்தால் அழைப்பு மணியை அழுத்தி, "இவர் பொதுவா இப்படிச் சொல்றவர் இல்ல" என்று சேர்த்துச் சொல்லுங்கள். நோயாளியின் இயல்பு உங்களுக்குத்தான் தெரியும்.

## 8. மருத்துவரிடம் எப்படிச் சொல்வது

"எனக்கு டென்ஷன் ஜாஸ்தி டாக்டர்" என்று ஆரம்பித்தால் உரையாடல் அந்தப் பக்கமே திரும்பும். இந்த வரிசையில் சொல்லுங்கள்: எத்தனை மணிக்கு, என்ன செய்துகொண்டிருந்தபோது, உடம்பில் என்னென்ன, எவ்வளவு நேரம், இதற்கு முன் வந்ததா. அதற்குப் பிறகு தயங்காமல் "செத்துவிடுவேன் என்று தோன்றியது" என்பதையும் சொல்லுங்கள். வெட்கப்பட்டு இதை விழுங்கிவிடுகிறவர்கள் ஏராளம். இதுவும் ஒரு அறிகுறி, மருத்துவக் குறிப்பில் எழுதப்பட வேண்டியது.

நெஞ்சு தொடர்பான அறிகுறி இருந்தால் வந்து 10 நிமிடத்துக்குள் இசிஜி எடுக்க வேண்டும் என்பது பொதுவான நெறி. முதல் இசிஜி இயல்பாக இருந்தால் இதயம் நன்றாக இருக்கிறது என்று உடனே கிளம்பிவிடாதீர்கள். இதயத் தசை சேதமானால் ரத்தத்தில் வெளிப்படும் டிரோபோனின் ஏறச் சில மணி நேரம் ஆகலாம், அதனால்தான் அந்தப் பரிசோதனையை இடைவெளி விட்டு மறுபடி எடுக்கிறார்கள். "ரெண்டாவது முறை எதுக்கு, முதல்ல எடுத்ததே நார்மல்தானே?" என்று கையெழுத்துப் போட்டு வெளியேறுவது வேண்டாம்.

## 9. பேனிக் அட்டாக் என்று எப்போது சொல்லலாம்

மேலே உள்ளதெல்லாம் பார்த்த பிறகு. பேனிக் அட்டாக் சில நிமிடங்களில் உச்சத்துக்குப் போய், பெரும்பாலும் அரை மணி நேரத்துக்குள் தணியும். வேகமாக மூச்சுவிட்டு ரத்தத்தில் கரியமில வாயு குறைவதால் விரல் நுனியும் வாயைச் சுற்றியும் மரத்துப்போகும். இவை இருந்தாலும், ஒரு மருத்துவர் பார்த்து மற்ற காரணங்களை விலக்கிய பிறகே அந்தப் பெயரை வைக்கலாம்.

முன்பே பேனிக் அட்டாக் உறுதியானவரிடம் முதலில் ஒரு கேள்வி: "வழக்கமா வர்ற மாதிரியா இருக்கா, வேற மாதிரியா?" வேறு மாதிரி என்றால் 3-ம் படியிலிருந்து தொடங்குங்கள். பேனிக் அட்டாக் உள்ளவருக்கு ஹார்ட் அட்டாக் வராது என்று எந்த உத்தரவாதமும் இல்லை.

வழக்கமானதுதான் என்றால் கூட இருங்கள். மூச்சை இழுப்பதை விட விடுவதை நீளமாக்கச் சொல்லுங்கள். காகிதப் பைக்குள் மூச்சுவிடும் பழைய வைத்தியம் வேண்டாம். இதயமோ நுரையீரலோ காரணமாக இருந்தால் இருக்கிற ஆக்சிஜனும் குறைந்துவிடும். திரும்பத் திரும்ப வந்தால் பேச்சு வழிச் சிகிச்சையும் மருந்தும் நன்றாக உதவுகின்றன, சகித்துக்கொண்டு இருக்கத் தேவையில்லை.

## 10. அடங்கிப்போய், மறுபடி மறுபடி வந்தால்

ஒவ்வொரு முறையும் தேதி, தொடங்கிய நேரம், நீடித்த நேரம், நாடி, முடிந்தால் பிபி, சர்க்கரை ஆகியவற்றை எழுதுங்கள். நீடித்த நேரம்தான் பல நேரம் வழிகாட்டும்.

சில நொடியிலிருந்து இரண்டு நிமிடம் வரை, ஒவ்வொரு முறையும் அச்சு மாறாமல் ஒரே மாதிரி வருகிறதா? அடிவயிற்றிலிருந்து ஏதோ மேலே ஏறுவதுபோல், இல்லாத நாற்றம், முன்பே நடந்தது மாதிரியான உணர்வு? கூட இருப்பவர்கள் வெறித்த பார்வையையும் வாய் மெல்லும் அசைவையும் பார்த்திருக்கிறார்களா? மூளையின் பொட்டுப் பக்கத்தில் தொடங்கும் வலிப்பு இப்படி இருக்கலாம். அங்கேதான் பயத்தைக் கையாளும் அமிக்டலா இருக்கிறது. உடம்பு வெட்டி இழுக்காததால் பல வருடம் பேனிக் அட்டாக் என்றே ஓடிவிடும். போனில் வீடியோ எடுத்து நரம்பியல் மருத்துவரிடம் காட்டுங்கள், ஆயிரம் விளக்கத்தை விட அது மேல்.

சுவிட்ச் போட்டதுபோல் துடிப்பு ஓடத் தொடங்கி, அணைத்ததுபோல் நிற்கிறதா? துடிப்புக் கோளாறாக இருக்கலாம். அடங்கிய பிறகு எடுக்கும் இசிஜியில் ஒன்றும் தெரியாமல் போகலாம். வரும்போதே எடுக்க வேண்டும், அல்லது ஹோல்டர் கருவியைக் கட்டிக்கொண்டு ஒரு நாளோ அதற்கு மேலோ பதிய வேண்டும்.

தலைவலி, வியர்வை, படபடப்பு மூன்றும் சேர்ந்து வந்து, அந்த நேரத்தில் பிபி எகிறுகிறதா? அட்ரினல் சுரப்பியில் வரும் ஃபியோகுரோமோசைட்டோமா என்ற அரிய கட்டியை நினைத்து, அதில் கூடும் மெட்டானெஃப்ரின் என்ற பொருளின் அளவை ரத்தத்திலோ 24 மணி நேரச் சிறுநீரிலோ பார்ப்பார்கள். எடை குறைந்து, கை நடுங்கி, வெக்கை தாங்கவில்லை என்றால் தைராய்டு அதிகமாகச் சுரக்கிறதா என்று பார்ப்பார்கள்.

தாய்ப்பால் கொடுக்கும்போது பால் சுரக்கும் தருணத்துக்குச் சற்று முன்பு மட்டும் சில நிமிடம் மனம் பாதாளத்தில் விழுவதுபோல் இருந்தால், அது ஹார்மோன் மாற்றத்தோடு தொடர்புடைய, பெயர் வைக்கப்பட்ட ஒரு நிலை. தாய்க்குக் குழந்தை மேல் பாசம் இல்லை என்று அர்த்தம் கிடையாது, வெளிப்படையாக மருத்துவரிடம் சொல்லலாம்.

எல்லாப் பரிசோதனையும் சரியாக வந்த பிறகும், அடுத்த முறை அதே உணர்வு ஒரு புது அறிகுறியோடு வந்தால் பழைய ரிப்போர்ட்டைக் காட்டி வீட்டில் உட்கார வேண்டாம். 2-ம் படியிலிருந்து மறுபடி தொடங்குங்கள்.